குட்டி சூப்பர் கம்ப்யூட்டர்கள் எப்படி எழுந்தன, ஏன் விழுந்தன?

(ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடிய படிப்பு வட்டத்தில் பேசியது)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்டிருப்பது கம்ப்யூட்டர் விஷயம். "பஞ்சுத் தூசியில் நிற்கிறவனுக்கும் சேற்றில் நிற்கிறவளுக்கும் கம்ப்யூட்டர் கதை எதற்கு?" என்று சில தோழர்கள் கேட்டார்கள். நியாயமான கேள்விதான்.

ஓர் ஆலையை மூடும்போது நம்மிடம் என்ன சொல்லுகிறார்கள்? "யந்திரம் பழசு, சரக்கு மட்டம், வேலை மந்தம். போட்டியென்று வந்தால் நல்லது நிற்கும், கெட்டது போகும்" என்கிறார்கள். இந்தப் பேச்சு எவ்வளவு தூரம் வாஸ்தவம்? அமெரிக்காவில் 1982-லிருந்து 1995 வரை நடந்த ஒரு விவகாரத்தை வைத்தே இதைச் சோதித்துப் பார்க்கலாம். அங்கே யந்திரம் புத்தம் புதுசு. சரக்கு உயர்ந்த சரக்கு. வேலை செய்தவர்கள் பெரிய பெரிய படிப்பாளிகள். அப்படியும் கம்பெனிகள் ஒன்றன்பின் ஒன்றாகக் கவிழ்ந்தன. ஏன் கவிழ்ந்தன?

முதலில் பெரிய யந்திரத்தைப் பார்ப்போம். அது விளங்காமல் குட்டி யந்திரம் விளங்காது.

சூப்பர் கம்ப்யூட்டர் என்பது கணக்குப் போடுவதற்கென்றே கட்டிய யந்திரம். என்ன கணக்கு? மழைக் கணக்கை எடுத்துக்கொள்வோம். வானத்தை வயல் வயலாக வரப்புக் கட்டிப் பிரிக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு வயலிலும் காற்றின் வேகம் எவ்வளவு, சூடு எவ்வளவு, ஈரம் எவ்வளவு, பக்கத்து வயலிலிருந்து என்ன வந்து சேருகிறது என்று கணக்கிட வேண்டும். ஒரு தரம் போட்டால் போதாது. சில நிமிஷத்துக்கு ஒரு தரமாக நாலைந்து நாள் முன்னோக்கிப் போட்டுக்கொண்டே போக வேண்டும். கோடானுகோடி கூட்டல், பெருக்கல். நாளைக்குப் பெய்யும் மழையை நாளை மறுநாள் சொல்லும் கணக்கு யாருக்கு வேண்டும்? ஆகவேதான் வேகம் வேண்டியிருக்கிறது. பூமிக்கடியில் எண்ணெய் எங்கே இருக்கிறது, விமான இறக்கைமேல் காற்று எப்படி ஓடுகிறது, அணுகுண்டு எப்படி வெடிக்கிறது என்பதெல்லாம் இதே ரகக் கணக்குத்தான்.

இந்த வேலைக்குப் பேர்போன யந்திரம் கிரே-1. ஸீமோர் கிரே என்ற அமெரிக்க எஞ்சினீயர் அமைத்தது. முதல் யந்திரம் 1976-ல் போய் உட்கார்ந்த இடம் எது தெரியுமா? லாஸ் அலமாஸ் அணு ஆயுத ஆராய்ச்சி நிலையம். எடை ஐந்தரை டன். உச்ச வேகம் விநாடிக்கு 16 கோடி கணக்கு. விலை 80 லட்சம் டாலருக்கு மேல். அது தகிக்கும் சூட்டைத் தணிக்க, ஐஸ் பெட்டிக்குள் அப்போதெல்லாம் ஓடிற்றே, அந்த ஃப்ரியானைக் குழாய் வைத்து ஓட்டினார்கள். உள்ளே மைல் கணக்கில் கம்பி. விஸ்கான்ஸின் மாகாணத்தில் சிப்பவா ஃபால்ஸ் என்ற சிற்றூர்ப் பெண்கள் உட்கார்ந்து, ஒவ்வொரு கம்பியாகக் கையாலேயே பிணைத்தார்கள். உலகத்திலேயே வேகமான யந்திரம் கைவேலையில்தான் பிறந்தது. புத்தகங்களில் கிரேயின் பெயர் பெரிய எழுத்தில் இருக்கிறது. அந்தப் பெண்களின் பெயரை நாம் தேடித்தான் பார்க்க வேண்டும்.

இப்படிப்பட்ட யந்திரத்தை யார் வாங்க முடியும்? குண்டு செய்கிற சர்க்கார் நிலையம் வாங்கலாம், பெரிய எண்ணெய்க் கம்பெனி வாங்கலாம். அமெரிக்கப் பல்கலைக்கழகத்தானுக்கே எட்டவில்லை என்றால் பாருங்கள். லாரி ஸ்மார் என்ற இல்லினாய் பல்கலைக்கழக வான நூல் ஆசிரியர், 1980-க்களின் துவக்கத்தில், அமெரிக்காவில் செய்த கிரே யந்திரத்தில் தம் கணக்கைப் போடுவதற்காக ஜெர்மனியின் ம்யூனிக் நகரத்துக்குப் போனார். நெல் விளைகிற ஊர்க்காரன் அரிசி வாங்க அயலூர் ரேஷன் கடைக்குப் போன கதைதான்.

கிரே கிடைக்காதவர்களுக்கு என்ன இருந்தது? வாக்ஸ் என்று ஒரு நடுத்தர யந்திரம் இருந்தது. டிஜிட்டல் எக்விப்மென்ட் என்ற கம்பெனி 1977-ல் விட்டது. நல்ல யந்திரம், ஆனால் கணக்கில் மெதுவு. மேலே மலை, கீழே தரை, நடுவில் படியே இல்லை. அந்தப் படியைக் கட்டினால் வியாபாரம் ஆகும் என்று கண்டவர்கள்தான் நம் கதையின் நாயகர்கள்.

1982-ல் டெக்ஸாஸ் மாகாணத்தின் ரிச்சர்ட்ஸனில் கான்வெக்ஸ் என்ற கம்பெனி துவங்கிற்று. பாப் பலுக், ஸ்டீவ் வாலக் என்ற இருவர் துவக்கினார்கள். அதே 1982-ல் மாஸசூஸெட்ஸ் மாகாணத்தில் அலையன்ட் துவங்கிற்று. 1985 வாக்கில் இரண்டு பேருடைய யந்திரங்களும் சந்தைக்கு வந்தன. விலை சில லட்சம் டாலர். பத்து லட்சத்துக்குள் அடங்கும். கிரேயின் வேகத்தில் கால் பங்கு, விலையில் பத்தில் ஒரு பங்கு: ஏறத்தாழ இதுதான் அவர்கள் கூவி விற்ற கணக்கு. விஷயம் தெரிந்தவர்கள் இவற்றுக்குச் செல்லமாகக் 'கிரேயட்' என்று பெயர் வைத்தார்கள். குட்டிக் கிரே என்று அர்த்தம்.

எப்படி மலிவாகச் செய்தார்கள்? வித்தையின் மூலம் கிரேயினுடையதுதான். ஆலைத் தோழர்களுக்கு இது சுலபமாகப் புரியும். ஒரு பேல் பஞ்சு ப்ளோ ரூமில் ஏறி, கார்டிங், டிராயிங், சிம்ப்ளெக்ஸ் என்று போய், ரிங் பிரேமில் நூலாகிறது. அந்த ஒரு பேல் நூலாகி முடியும்வரை அடுத்த பேலை உடைக்கக் கூடாது என்று எந்த மானேஜராவது சொல்வானா? சொன்னால் ஆலையில் முக்கால்வாசி யந்திரம் எந்நேரமும் சும்மா நிற்கும். சாதாரணக் கம்ப்யூட்டர் அன்று அப்படித்தான் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது. ஒரு பெருக்கலுக்கு நாலைந்து கட்டம் உண்டு. முதல் பெருக்கல் எல்லாக் கட்டமும் தாண்டிய பிறகே அடுத்ததைத் தொடும். கிரே அந்தக் கட்டங்களை ஆலை டிப்பார்ட்மென்ட் மாதிரி வரிசையாக்கினார். எண்களைக் கட்டுக் கட்டாக உள்ளே அனுப்பினார். எல்லாக் கட்டமும் ஒரே நேரத்தில் ஓடிற்று. நடவு வயலில் நாற்றுமுடியை முன்கூட்டியே வீசிப் போட்டுவிட்டு, பெண்கள் வரிசையாகப் பின்னேறிக்கொண்டே நடுவதும் இந்த யுக்திதான்.

கான்வெக்ஸ்காரர்கள் இந்த யுக்தியை எடுத்துக்கொண்டு, அதைச் சூடு குறைந்த மலிவான சிப்புகளில் அமைத்தார்கள். ஃப்ரியான் குழாய் வேண்டாம், விசிறி போதும். தனிக் கட்டிடம் வேண்டாம்; கல்லூரியின் சாதாரண அறை போதும். இதைவிட முக்கியமான காரியம் ஒன்று செய்தார்கள். ஃபோர்ட்ரான் என்ற மொழியில் விஞ்ஞானிகள் இருபது வருஷமாக எழுதி வைத்திருந்த கணக்குகளைத் திருத்தி எழுதச் சொல்லாமல், யந்திரமே படித்துப் பார்த்து, எதைக் கட்டாகக் கட்டலாம் என்று கண்டுபிடிக்கிற ஏற்பாட்டைத் தயாரித்தார்கள். இதைக் கம்பைலர் என்பார்கள். நம் அபிப்பிராயத்தில் அவர்களுடைய உண்மையான சாதனை இரும்புப் பெட்டியில் இல்லை, இந்தக் கம்பைலரில்தான் இருக்கிறது.

கம்பைலரை நம்பியே ஒரு கம்பெனி பிறந்தது. யேல் பல்கலைக்கழக ஆசிரியராயிருந்த ஜாஷ் ஃபிஷர் என்பவர் 1984-ல் கனெக்டிகட் மாகாணத்தில் ஆரம்பித்த மல்ட்டிஃப்ளோ. யந்திரத்துக்குள் மேஸ்திரியே கிடையாது. இன்ன நொடியில் இன்ன ஆள் இன்ன வேலை என்று ஷிப்டு துவங்குமுன்பே கம்பைலர் பட்டியல் போட்டுக் கொடுத்துவிடும். உள்ளே ஏழு கை, பதினாலு கை, இருபத்தெட்டுக் கை ஒன்றாக ஓடும். அதிசயமான வேலை! இப்படி ஓரிகானில் ஃப்ளோட்டிங் பாயின்ட் ஸிஸ்டம்ஸ், கலிபோர்னியாவில் ஸைட்ரோம், ஆர்டென்ட், மாஸசூஸெட்ஸில் ஸ்டெல்லார் என்று ஒரு பெரிய கூட்டமே சேர்ந்துவிட்டது. மருந்துக் கம்பெனி, விமானக் கம்பெனி, பல்கலைக்கழக ரசாயன இலாகா எல்லோரும் வாங்கினார்கள். பெரிய யந்திரத்தின் வாசலில் க்யூவில் நின்றவன் தன் சொந்த அறையில் பொத்தானைத் தட்டினான். இது சாமானிய மாற்றமல்ல.

நம் நாட்டுக்கும் இதில் ஓர் அத்தியாயம் உண்டு. 1980-க்களில் இந்தியா அமெரிக்காவிடம் கிரே யந்திரம் கேட்டது. பெங்களூர் விஞ்ஞானக் கழகத்துக்குக் கேட்ட பெரிய யந்திரத்தைக் கொடுக்க மறுத்தார்கள். அணுகுண்டுக் கணக்குப் போட்டுவிடுவோமாம்! லாஸ் அலமாஸில் உட்கார்ந்து அவர்கள் என்ன கணக்குப் போட்டார்கள் என்று நாம் கேட்கக் கூடாது. கடைசியில் பருவமழைக் கணக்குக்கு மட்டும் என்ற நிபந்தனையோடு, சிறிய ரகக் கிரே எக்ஸ்-எம்பி ஒன்று டில்லிக்கு வந்தது. அது 1988-89.

இதற்கிடையில் நம்மவர்களும் சும்மா இருக்கவில்லை. பெங்களூர் தேசிய விமான ஆராய்ச்சிக் கூடத்தில் 1986-ல், கடையில் கிடைக்கும் சாதாரண சிப்புகளைச் சேர்த்து ஃப்ளோஸால்வர் என்ற யந்திரத்தைச் செய்தார்கள். 1988-ல் சர்க்கார் புனாவில் ஸி-டாக் நிலையத்தை அமைத்தது. விஜய் பட்கர் தலைமையில் 1991-ல் பரம் 8000 வெளிவந்தது. ஒரு பெரிய கிரே மூளைக்குப் பதிலாகப் பிரிட்டிஷ் கம்பெனியின் டிரான்ஸ்ப்யூட்டர் என்ற சின்ன சிப்புகளை வரிசையாகக் கோத்து ஒரே கணக்கைப் பங்கு போட்டுச் செய்தார்கள். ஒரு ஜோடி காளை கிடைக்காதவன் ஊர்கூடி ஏர் பிடித்தது மாதிரி. இதை நாம் பெருமையாகச் சொல்லலாம். ஆனால் அந்த டிரான்ஸ்ப்யூட்டரின் கதியும் பின்னால் என்னவாயிற்று என்று பாருங்கள்.

இனி வீழ்ச்சி.

1989-ல் நெவாடா மாகாணத்தின் ரீனோ நகரில் சூப்பர் கம்ப்யூட்டர் நிபுணர்களின் மாநாடு. லிவர்மோர் ஆராய்ச்சி நிலையத்தைச் சேர்ந்த யூஜின் புரூக்ஸ் என்பவர் எழுந்து, 'கொலைகார மைக்ரோக்கள் படையெடுக்கின்றன' என்ற தலைப்பில் பேசினார். மைக்ரோ என்று அவர் சொன்னது, மேஜைமேல் வைக்கும் யந்திரத்தில் இருக்கிற ஒற்றை சிப்பை. இந்தச் சிப்பு பெரியதையும் தின்னும், நடுத்தரத்தையும் தின்னும் என்பது அவர் பேச்சின் சாரம். அப்படியே நடந்தது. 1990-ல் ஐ.பி.எம். தன் ஆர்.எஸ்./6000 மேஜை யந்திரத்தை விட்டது. 1992-ல் டிஜிட்டல் எக்விப்மென்ட் ஆல்ஃபா என்ற சிப்பை விட்டது. சுமார் 17 லட்சம் டிரான்சிஸ்டர் அடங்கிய அந்த ஒரு சிப்பின் உச்ச வேகம் விநாடிக்கு 15 கோடிக் கணக்கிலிருந்து 20 கோடி வரை. ஐந்தரை டன் கிரே-1 செய்த வேலையை, பதினாறு வருஷத்தில், ஒரு தபால் தலையளவு சில்லு செய்ய வந்துவிட்டது.

சிப்பு எல்லா விதத்திலும் மேலானதா? இல்லை தோழர்களே, இங்கேதான் கவனிக்க வேண்டும். குட்டி சூப்பர் கம்ப்யூட்டரில் கணக்குப் போடும் பகுதிக்கு எண்களை வாரி வாரிக் கொடுக்க அகலமான பாதை இருந்தது. மேஜை யந்திரத்தில் அந்தப் பாதை சந்து மாதிரி. ரிங் பிரேமில் ஆயிரம் கதிர் சுற்றினாலும் ரோவிங் பாபின் வந்து சேராவிட்டால் நூல் ஏது? பெரிய கணக்குகளில் சிப்பு அப்படித் தவித்தது. அப்படியும் அது ஜெயித்தது.

எப்படி ஜெயித்தது? நாம் நோட்டீஸ் அடிக்கப் பிரஸ்ஸுக்குப் போகிறோமல்லவா? எழுத்துக் கோக்கும் கூலி நூறு நோட்டீசுக்கும் ஒன்றுதான், பத்தாயிரத்துக்கும் ஒன்றுதான். நூறு அடித்தால் ஒரு நோட்டீஸ் விலை எகிறும். பத்தாயிரம் அடித்தால் காகித விலைதான். புது யந்திரத்தை யோசித்து வரைந்து சோதிக்கிற செலவு எழுத்துக் கோக்கும் கூலி மாதிரி. மல்ட்டிஃப்ளோ மொத்தம் விற்றது நூறு சொச்சம் யந்திரம். இத்தனை வருஷத்து மூளை உழைப்பும் அந்த நூற்றுச் சொச்சத்தின் தலையில் விடிந்தது. மேஜைக் கம்ப்யூட்டரின் சிப்போ லட்சக்கணக்கில், பிறகு கோடிக்கணக்கில் அச்சாயிற்று. குமாஸ்தா கடிதம் அடிக்க வாங்கியதும், பையன்கள் விளையாட வாங்கியதும், அந்தச் சிப்பின் ஆராய்ச்சிச் செலவுக்குப் பணம் கட்டியது. அந்தப் பணத்தில் ஒன்றரை, இரண்டு வருஷத்துக்கு ஒரு புதுச் சிப்பு வந்தது. குட்டிக் கம்பெனி தன் அடுத்த யந்திரத்தைத் தயாரித்து முடிப்பதற்குள் இரண்டு தலைமுறைச் சிப்பு தாண்டிப் போயிருக்கும்.

அவர்கள் கோளாறும் இல்லாமலில்லை. சில நூறு வாடிக்கைக்காரர்கள் உள்ள சந்தையில் டஜன் கம்பெனி இறங்கினால் என்ன ஆகும்? ஒரே கிணற்றில் பத்துப் பம்புசெட் போட்ட கதைதான். பணம் போட்டவர்கள் சீக்கிரம் லாபம் கேட்டார்கள். 1991-ல் சோவியத் யூனியன் கலைந்தபின் அமெரிக்க ராணுவச் செலவும் சுருங்கிற்று; அதை நம்பியிருந்தவர்களுக்கு அந்த வாசலும் அடைபட்டது.

சாவுப் பட்டியலை வேகமாகச் சொல்லிவிடுவோம். ஸைட்ரோம் 1988-ல் மூடிற்று. கன்ட்ரோல் டேட்டா என்ற பெரிய கம்பெனி 1989 ஏப்ரலில் தன் ஈ.டி.ஏ. பிரிவை ஒரே நாளில் இழுத்து மூடியது. பத்து லட்சம் டாலருக்குள் விற்க அவர்களும் ஒரு குட்டி யந்திரம் வைத்திருந்தார்கள், அது காப்பாற்றவில்லை. மல்ட்டிஃப்ளோ 1990. ஆர்டென்டும் ஸ்டெல்லாரும் 1989-ல் ஒன்றாகி ஸ்டார்டென்ட் என்று பெயர் வைத்துக்கொண்டும் பிழைக்கவில்லை. ஃப்ளோட்டிங் பாயின்ட் 1991-ல் திவால். அலையன்ட் 1992-ல் திவால். ஆயிரக்கணக்கான சின்னச் சிப்புகளைக் கோத்துப் பேர் வாங்கிய திங்கிங் மெஷின்ஸ் 1994-ல் திவால். ஸீமோர் கிரேயே தனியாகத் துவக்கிய கிரே கம்ப்யூட்டர் கார்ப்பரேஷனும் 1995-ல் திவால். எழுத்துக் கோத்த கை சரியில்லை என்று இதில் எந்தக் கம்பெனியைப் பற்றியும் சொல்ல முடியாது.

கான்வெக்ஸ் மட்டும் நீண்ட நாள் தாக்குப் பிடித்தது. எதிரியின் ஆயுதத்தையே எடுத்தது. 1994-ல் ஹியூலட் பக்கார்ட் கம்பெனியின் சிப்புகளைக் கோத்து எக்ஸெம்ப்ளார் என்ற யந்திரத்தைச் செய்தது. அடுத்த வருஷமே, 1995-ல், அந்த ஹியூலட் பக்கார்ட் கான்வெக்ஸை விலைக்கு வாங்கிவிட்டது. சிப்பு யார் கையிலோ கம்பெனியும் அவன் கைக்கே போயிற்று.

பரமும் தப்பவில்லை. டிரான்ஸ்ப்யூட்டரின் அடுத்த ரகம் தாமதமாகி, அந்த வழியே அடைபட்டது. ஸி-டாக் பின்னால் செய்த பரம் யந்திரங்களுக்கு ஸன் என்ற அமெரிக்கக் கம்பெனியின் ஸ்பார்க் சிப்பு வாங்க வேண்டி வந்தது. யந்திரம் கோக்கும் திறமை நம்மிடம் இருந்தது. சிப்பு வார்க்கும் ஆலை வேறு நாட்டில் இருந்தது.

"அப்படியானால் அத்தனை பேர் உழைப்பும் வீணா?" என்று ஒரு தோழர் சீட்டு எழுதி அனுப்பியிருக்கிறார். வீணில்லை. ஆனால் பலன் யார் வீட்டுக்குப் போயிற்று என்பது வேறு கணக்கு. திவாலான ஃப்ளோட்டிங் பாயின்டை கிரே ரிஸர்ச் வாங்கியது. 1996-ல் கிரே ரிஸர்ச்சை ஸிலிகான் கிராஃபிக்ஸ் வாங்கியது. அது அந்தப் பிரிவை வேண்டாமென்று ஸன் கம்பெனிக்குத் தள்ளிவிட்டது. அங்கே அரைகுறையாயிருந்த யந்திரத்தை ஸன் 1997-ல் என்டர்பிரைஸ் 10000 என்று விற்று, அமோகமாகச் சம்பாதித்தது. மூன்று கை மாறியபின் நாலாவது கையில் காய்த்தது. மல்ட்டிஃப்ளோவின் கம்பைலரை இன்டெல் போன்ற கம்பெனிகள் உரிமை வாங்கிப் பயன்படுத்தின. எண்களைக் கட்டாகக் கட்டிப் பெருக்கும் அந்தப் பழைய வித்தை, இன்று உங்கள் சட்டைப் பையிலிருக்கும் செல்போன் சிப்புக்குள்ளும் இருக்கிறது.

மலிவுக் கணக்கு வேறு ரூபத்திலும் வந்தது. 1994-ல் அமெரிக்காவின் நாஸா நிலையம் ஒன்றில் தாமஸ் ஸ்டெர்லிங், டொனால்ட் பெக்கர் என்ற இருவர், கடையில் விற்கும் சாதாரண சிப்பு 16-ஐச் சாதாரணக் கம்பியால் இணைத்து, இலவசமாகக் கிடைத்த லினக்ஸைப் போட்டு, பியோவுல்ஃப் என்று பெயரிட்டார்கள். எப்படிச் செய்வதென்பதையும் மறைக்கவில்லை. ஏழைக் கல்லூரிகள்கூடப் பார்த்துச் செய்தன. ஆகவே குட்டிக் கம்பெனிகள் செத்ததால் சாமானிய விஞ்ஞானிக்குக் கணக்கு எட்டாமல் போய்விட்டது என்று சொன்னால் அது பொய். முன்னைவிட மலிவாகத்தான் எட்டிற்று. செத்தது கணக்கல்ல. அகலப் பாதையோடு, அந்த வேலைக்கென்றே அளவெடுத்துச் செய்த யந்திரமும், அதைச் செய்யத் தெரிந்தவர்களின் பிழைப்பும்தான்.

அவர்களில் ஒருவரைப் பற்றிச் சொல்லி நிறுத்திக்கொள்வோம். கான்வெக்ஸைத் துவக்கிய ஸ்டீவ் வாலக், 2006-ல் அதே ரிச்சர்ட்ஸன் ஊரில் இன்னொரு கம்பெனி துவக்கினார். கான்வெக்ஸின் கடைசி ஆங்கில எழுத்துக்கு அடுத்த எழுத்தைப் போட்டுக் கான்வே என்று பெயர் வைத்தார். இம்முறை பொது வேலைக்கு இன்டெல் சிப்பையே வாங்கிப் போட்டு, பக்கத்தில் கணக்குக்கென்று தன் சொந்தப் பகுதியையும் வைத்தார். ஒன்பது வருஷம் ஓடிற்று. 2015-ல் மைக்ரான் என்ற சிப்புக் கம்பெனி அதை வாங்கிக்கொண்டது.